வாட்டர்கிரெஸ் சாண்ட்விச்: ஊறாமல், சரியாமல், நசுங்காமல்

"வாட்டர்கிரெஸ் சாண்ட்விச் வீட்டில் செய்தால் அரை மணி நேரத்தில் பிரெட் ஊறிச் சொதசொதவென்று ஆகிவிடுகிறது. கடித்தால் கீரை மொத்தமாக வெளியே வந்துவிடுகிறது. வெட்டும்போது ஓரம் நசுங்குகிறது. லண்டன் ஹோட்டல்களில் ஆஃப்டர்நூன் டீயோடு தருவது போல மெல்லிசாக, பார்க்க அழகாக வர என்ன செய்ய வேண்டும்? ஆறு பேருக்கு எவ்வளவு பொருள் வேண்டும்?" என்பது கேள்வி.

இந்த மூன்று சிக்கலில் முதலாவதற்குக் காரணம் தண்ணீர். கழுவிய கீரையில் ஒட்டியிருக்கும் தண்ணீர், உப்புப் பட்டதும் கீரை விடும் தண்ணீர், அன்றைக்குச் சுட்ட பிரெட்டில் இருக்கும் ஈரம், 'லைட்' என்று எழுதியிருக்கும் ஸ்ப்ரெட் டப்பாவுக்குள் கொழுப்போடு கலந்து கிடக்கும் தண்ணீர். இவற்றைக் கட்டுக்குள் கொண்டுவந்துவிட்டால் மீதி காம்பு ஆய்வதும் கத்தி வேலையும்தான். பிரெட், வெண்ணெய், கீரை என்று மூன்றே பொருள் என்பதால், மசாலாவையோ சாஸையோ போட்டுக் குறையை மூடவும் வழியில்லை. ஒவ்வொன்றையும் சரியாகச் செய்தே ஆகவேண்டும்.

முதலில் அளவு. ஆஃப்டர்நூன் டீயில் சாண்ட்விச் முதல் சுற்று மட்டுமே. பின்னால் ஸ்கோனும் (சின்ன பன் போன்றது) கேக்கும் காத்திருக்கின்றன. ஆளுக்கு 4 விரல் துண்டு போதும். இரண்டு ஸ்லைஸ் சேர்த்த ஒரு முழு சாண்ட்விச்சில் 3 விரல் துண்டு கிடைக்கும். ஆக 6 பேருக்கு 24 துண்டு, 8 முழு சாண்ட்விச், 16 ஸ்லைஸ். வெண்ணெய் ஒரு ஸ்லைஸுக்கு 8 கிராம் வீதம் 130 கிராம். கீரை ஒரு சாண்ட்விச்சுக்கு ஆய்ந்த இலை 12 கிராம் வீதம் ஏறக்குறைய 100 கிராம். தடித்த காம்பைக் கிள்ளிப் போட்டால் மூன்றில் ஒரு பங்கு குறைந்துவிடும் என்பதால், 85 கிராம் பையாக விற்றால் இரண்டு பை வாங்குங்கள். இது போக உப்பு, ஒரு எலுமிச்சை, விருப்பமிருந்தால் வெள்ளை மிளகுத்தூள். வேறு இரண்டு வகை சாண்ட்விச்சும் தட்டில் இருக்கப் போகிறது என்றால் இதில் பாதி போதும்.

கீரையைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் பாதிப் பிழைகள் கடையிலேயே நடந்துவிடுகின்றன. வாட்டர்கிரெஸ் கடுகு, முள்ளங்கிக் குடும்பத்தைச் சேர்ந்தது. ஓடும் தண்ணீரில் வளரும். இங்கிலாந்தில் ஹாம்ப்ஷயர், டார்செட் பகுதிகளில் சுண்ணாம்புப் பாறைக்கு அடியிலிருந்து ஊறி வரும் ஊற்று நீரை, சரளைக்கல் பரப்பிய ஆழமில்லாத பாத்திகளில் ஓடவிட்டு வளர்க்கிறார்கள். அந்த ஊற்று நீர் குளிர்காலத்திலும் கோடையிலும் ஏறக்குறைய 10, 11 டிகிரி செல்சியஸிலேயே இருக்கும். அதனால் பனிக்காலத்திலும் செடி கருகுவதில்லை. 1808-இல் கென்ட் மாவட்டத்தில் கிரேவ்சென்ட் அருகே ஸ்பிரிங்ஹெட் என்ற இடத்தில் வில்லியம் பிராட்பெரி என்பவர்தான் இங்கிலாந்தில் முதன்முதலாக இதை விற்பனைக்குப் பயிரிட்டார். 1865-இல் ஆல்டனுக்கும் வின்செஸ்டருக்கும் இடையே ரயில் பாதை திறந்த பிறகு, ஹாம்ப்ஷயரின் ஆல்ரஸ்ஃபோர்ட் ஊரிலிருந்து கூடை கூடையாக லண்டனுக்குப் போனது. அந்தப் பாதையை இன்றும் 'வாட்டர்கிரெஸ் லைன்' என்றுதான் சொல்கிறார்கள். 1973-இல் மூடப்பட்டு, 1977 முதல் அதன் ஒரு பகுதியில் பாரம்பரிய நீராவி ரயில் ஓடுகிறது.

விக்டோரியா காலத்து லண்டனில் இதைத் தெருவில் கட்டுக் கட்டாகக் கூவி விற்றார்கள். உழைக்கும் மக்கள் காலையில் ரொட்டிக்குள் வைத்துத் தின்ற கீரை இது. ரொட்டி வாங்கக் காசில்லாதவர்கள் கீரையை மட்டுமே மென்றார்கள். பெட்ஃபோர்ட் கோமகள் ஆன்னா 1840 வாக்கில் மதிய உணவுக்கும் இரவு உணவுக்கும் இடையே தேநீரும் சிற்றுண்டியும் எடுக்கத் தொடங்கியதாகச் சொல்லப்படும் வழக்கம் பரவிய பிறகு, அதே கீரை ஓரம் நீக்கிய ரொட்டிக்குள் புகுந்து வெள்ளித் தட்டில் ஏறிவிட்டது. ஹோட்டலில் அதற்கு என்ன விலை போடுகிறார்கள் என்று பார்க்கும்போது இதை நினைத்துக்கொள்ளலாம்.

கடையில் பார்க்க வேண்டியது: இலை கரும்பச்சையாக, விறைப்பாக இருக்க வேண்டும். மஞ்சள் தட்டிய இலை ஒன்றிரண்டு தெரிந்தாலே அந்தப் பையைத் தொடாதீர்கள், மறுநாளே முழுவதும் மஞ்சளாகும். நுனியில் சின்ன வெள்ளை மொட்டு இருந்தால் செடி பூக்கத் தொடங்கிவிட்டது என்று பொருள். அப்போது காரத்தோடு கசப்பும் சேர்ந்துவிடும். கழுவி, உடனே சாப்பிடத் தயாராக விற்கும் பை சாண்ட்விச்சுக்கு வசதி, ஏனென்றால் அதை மறுபடி கழுவத் தேவையில்லை. ஆனால் பையின் உட்புறம் நீர்த்துளி கோத்திருக்கிறதா என்று வெளிச்சத்தில் தூக்கிப் பாருங்கள். கோத்திருந்தால் அடியில் இருக்கும் இலை அழுக ஆரம்பித்திருக்கும். கட்டாக வாங்குவதில் காரம் கூடுதல், இலையும் பெரிது. ஆனால் கழுவி, ஆய்ந்து, உலர்த்தும் வேலை உங்களுடையது. வாங்கிய கட்டை ஒரு டம்ளர் தண்ணீரில் காம்பு நனைய நிறுத்தி, மேலே பிளாஸ்டிக் பையைத் தளர்வாகக் கவிழ்த்து, ஃபிரிட்ஜில் வைத்தால் இரண்டு நாள் தாங்கும். அதற்கு மேல் எதிர்பார்க்க வேண்டாம்.

ஓடையில் தானாக முளைத்ததைப் பறித்துப் பச்சையாகச் சாப்பிடவே கூடாது. ஆடுமாடு மேயும் இடத்துக்குக் கீழே ஓடும் தண்ணீரில் ஈரல் தட்டைப்புழுவின் இளம் பருவம் நத்தை வழியாக வந்து இலையில் ஒட்டிக்கொள்ளும். எத்தனை முறை கழுவினாலும் அது போகாது, வேகவைத்தால்தான் சாகும். இங்கிலாந்தின் கிராமப்புறமானாலும் நம் மலைப் பக்கத்து ஓடையானாலும் இது பொருந்தும். பண்ணைகளில் ஊற்று நீரை மட்டும் பயன்படுத்தி, கால்நடை நெருங்காமல் வேலி போட்டு வளர்ப்பதற்குக் காரணமே இதுதான். இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன்: இந்தக் கீரையில் வைட்டமின் கே அதிகம். விருந்தினர் யாராவது இரத்தம் உறையாமலிருக்க வார்ஃபரின் மாத்திரை எடுப்பவராக இருந்தால் முன்கூட்டியே தெரிவித்துவிடுங்கள்.

கிடைக்காத ஊரில் இருப்பவர்களுக்கு: சிங்கப்பூர், மலேசியச் சந்தைகளில் சீனர்கள் சூப்புக்கு வாங்கும் 'சாய் யோங் சோய்' இதே கீரைதான். நீளக் காம்போடு பெரிய கட்டாக இருக்கும், நுனியில் 5 செ.மீ. மட்டும் கிள்ளி எடுங்கள், மீதியைச் சூப்புக்கு விடுங்கள். சென்னை, பெங்களூரு போன்ற நகரங்களில் பெரிய காய்கறிக் கடைகளில் கிடைக்கும் அருகுலா நல்ல மாற்று. அதுவும் கடுகுக் குடும்பம்தான், ஆனால் வாசனை வேறு. பிரிட்டிஷ் கடைகளில் முட்டை சாண்ட்விச்சோடு வரும் 'கிரெஸ்' வேறு செடி. நம் கடைகளில் ஹலீம் விதை என்று விற்கிறார்களே, அந்த விதையின் முளைதான் அது. ஈரப் பஞ்சில் தூவி ஜன்னலோரம் வைத்தால் ஒரு வாரம், பத்து நாளில் வெட்டலாம். முட்டையோடு அருமையாகச் சேரும், ஆனால் வாட்டர்கிரெஸ் இடத்தில் தனியாக வைத்தால் சாண்ட்விச் வெறுமையாக இருக்கும்.

காரம் எங்கிருந்து வருகிறது என்று தெரிந்தால் பல கேள்விகளுக்குப் பதில் கிடைக்கும். முழு இலையை முகர்ந்தால் நெடி ஏதும் இருக்காது. கடித்தோ வெட்டியோ செல் உடையும்போதுதான் உள்ளே தனித்தனியாக இருக்கும் குளுக்கோநாஸ்டர்ட்டியின் என்ற பொருளும் மைரோசினேஸ் என்ற நொதியும் சந்தித்து, மூக்கில் ஏறும் அந்தக் கடுகு நெடியை உண்டாக்குகின்றன. அந்த நெடி ஆவியாகிப் போகக்கூடியது. ஆகவே காலையிலேயே பொடியாக நறுக்கி வைத்த கீரை மாலையில் வெறும் புல்லாக இருக்கும். வெந்நீரில் போட்டு எடுத்தால் நொதி அழிந்து காரமே வராது. அடிப்படை சாண்ட்விச்சில் இலையை முழுதாக வைப்பதற்குக் காரணம் இதுதான்: காரம் சாப்பிடுபவரின் வாயில் உருவாக வேண்டும்.

இனி பிரெட். வெள்ளை பிரெட், நெருக்கமான துளைகளோடு, சதுரப் பெட்டி அச்சில் சுட்டது. புளித்த மாவில் சுடும் சோர்டோ மாதிரிப் பெரிய ஓட்டை உள்ளது ஆகாது, வெண்ணெய் ஓட்டை வழியே இறங்கும், தடுப்பும் போய்விடும். முந்தின நாள் சுட்டதாக இருக்க வேண்டும். அன்றைக்குச் சுட்டது கத்தியில் ஒட்டும், அழுத்தினால் பிசைந்த மாவு போல மறுபடி கூடிவிடும். மெல்லிய கோதுமை பிரெட்டும் நன்றாக இருக்கும், வெள்ளையும் பழுப்புமாக மாற்றி அடுக்கினால் பார்க்கவும் அழகு. தானியம், விதை பதித்த பிரெட் வேண்டாம், வெட்டும்போது விதை இழுபட்டு ஓரம் கிழியும்.

தடிமன் 6 மி.மீ. பக்கம் இருக்க வேண்டும். கடையில் 'மீடியம்' என்று வெட்டி விற்பது ஏறக்குறைய அதைப்போல் இருமடங்கு. அதில் செய்தால் கீரையின் சுவை பிரெட்டுக்குள் தொலைந்துபோகும். 'தின்' என்று எழுதியதைத் தேடி வாங்குங்கள். கிடைக்கவில்லை என்றால் மீடியம் ஸ்லைஸ் மீது சப்பாத்திக் கட்டையை ஒரே ஒரு முறை, எடை கொடுக்காமல் உருட்டுங்கள். இரண்டாவது முறை உருட்டினால் பிரெட் தோல் போல ஆகும்.

வெட்டாத முழு ரொட்டி கிடைத்தால் பழைய ஆங்கிலச் சமையலறை முறையே சிறந்தது. ரொட்டியை ஃப்ரீசரில் 30, 40 நிமிடம் வைத்து இறுக்குங்கள், கல்லாக உறையவிட வேண்டாம். முனைத் துண்டை வெட்டி எடுத்துவிட்டு, ரொட்டியின் வெட்டுமுகத்திலேயே வெண்ணெயைத் தடவுங்கள். பிறகு அந்த முகத்தோடு 6 மி.மீ. ஸ்லைஸ் வெட்டுங்கள். மறுபடி தடவுங்கள், வெட்டுங்கள். மெல்லிய ஸ்லைஸைக் கையில் வைத்துத் தடவினால் கிழியும், ரொட்டியோடு இருக்கும்போது தடவினால் கிழியாது. அடுத்தடுத்து வெட்டிய இரண்டு ஸ்லைஸ்களையும் ஜோடியாக வைத்துக்கொள்ளுங்கள். வேறு வேறு இடத்து ஸ்லைஸ்களைச் சேர்த்தால் ஓரங்கள் பொருந்தாது, நறுக்கும்போது ஒரு பக்கம் அதிகமாக வீணாகும். கடையில் வெட்டி வாங்கிய பிரெட்டுக்கும் இதே விதிதான், பாக்கெட்டில் இருந்த வரிசையிலேயே எடுங்கள்.

வெண்ணெயைப் பலர் சுவைக்கென்று மட்டும் நினைத்து நடுவில் ஒரு பட்டை இழுத்துவிட்டுப் போகிறார்கள். மொட்டை மாடிக்கு வாட்டர்ப்ரூஃப் அடிப்பது போன்ற வேலை இது: ஒரு மூலை விட்டுப்போனாலும் தண்ணீர் அங்கேதான் இறங்கும். இரண்டு ஸ்லைஸிலும், விளிம்பு வரை, வெள்ளை தெரியாமல் தடவ வேண்டும். 18 முதல் 20 டிகிரி வெப்பத்தில் வெண்ணெய் சரியாகப் பரவும். ஃபிரிட்ஜிலிருந்து எடுத்து ஒரு மணி நேரம் வெளியே வைத்தால் இங்கிலாந்தில் இந்தப் பதம் வரும். சென்னையில் என்றால் 10, 15 நிமிடமே அதிகம். மைக்ரோவேவில் வைத்து உருக்கிவிடாதீர்கள். உருகிய வெண்ணெய் பிரெட்டுக்குள் ஊறிவிடும், மேலே படலமாக நிற்காது. உருகியதைத் திரும்ப உறையவைத்தாலும் பழைய பதம் வராது, மணல் மணலாக இருக்கும்.

வெண்ணெயில் 80 சதவீதத்துக்கும் மேல் கொழுப்பு. லைட் ஸ்ப்ரெட்டுகளில் அது 40 சதவீதம் பக்கம்கூட இருக்கும், மிச்சத்தில் பெரும்பகுதி தண்ணீர். அதைத் தடவுவது பிரெட்டை நீங்களே நனைப்பதற்குச் சமம். பால் பொருள் சேர்க்காதவர்களுக்கு, டப்பாவில் வருவதைவிடக் கட்டியாக வரும் தாவர வெண்ணெய் நல்லது.

உப்பை வெண்ணெயில் போடுங்கள், கீரையில் போடாதீர்கள். உப்பில்லாத வெண்ணெய் 130 கிராமுக்கு அரை டீஸ்பூன் நைஸ் உப்பு, அரை எலுமிச்சையின் துருவிய மஞ்சள் தோல், ஒரு சிட்டிகை வெள்ளை மிளகு. எலுமிச்சைச் சாறு வேண்டவே வேண்டாம். சாறு இலையில் பட்டால் அமிலம் பச்சையத்தைச் சிதைத்து, பளிச்சென்ற பச்சை ஒரு மணி நேரத்தில் காக்கி நிறத்துக்குப் போய்விடும். இலையும் துவளும். தோலில் இருக்கும் எண்ணெயே வாசனைக்குப் போதும். துருவும்போது வெள்ளைப் பகுதி வரை போகாதீர்கள், கசக்கும்.

கீரையை ஆய்வது: 2 மி.மீ.-க்கு மேல் தடித்த காம்பு, வேர் முளைத்த கணு, மஞ்சள் இலை எல்லாம் வெளியே. மெல்லிய காம்பு இருக்கலாம், அதில்தான் மொறுமொறுப்பு. ஆனால் 3 செ.மீ. நீளத்துக்கு மேல் வேண்டாம். கடிக்கும்போது கீரை மொத்தமாக வெளியே வருவதற்கு முதல் காரணம் நீளக் காம்புதான். பல்லில் அறுபடாமல் பின்னால் இருக்கும் இலைகளையும் சேர்த்து இழுத்து வருகிறது.

கட்டாக வாங்கியது வாடியிருந்தால் ஐஸ் போட்ட தண்ணீரில் 10 நிமிடம் மூழ்கவிடுங்கள், விறைத்துக்கொள்ளும். மணல் அடியில் தங்கும், ஆகவே தண்ணீரைக் கொட்டாமல் கீரையை மேலாக அள்ளி எடுங்கள். சாலட் ஸ்பின்னரில் இரண்டு தவணையாகச் சுற்றுங்கள், ஒரே தடவையில் நிரப்பினால் நடுவில் இருப்பது ஈரமாகவே இருக்கும். பிறகு சுத்தமான பருத்தித் துணியில் ஒற்றை அடுக்காகப் பரப்பி, மேலே இன்னொரு துணி வைத்துத் தட்டி ஒற்றுங்கள். தேய்த்தால் இலை நசுங்கிக் கறுக்கும். துணியோடு தளர்வாகச் சுருட்டி ஃபிரிட்ஜில் அரை மணி நேரம் வையுங்கள். எடுத்து ஒரு இலையை டிஷ்யூ தாளில் அழுத்திப் பாருங்கள். தாளில் ஈரத் தடம் விழுந்தால் இன்னும் ஆகவில்லை. இந்த ஒரு படியில் அவசரப்பட்டால் மேலே சொன்ன எதுவும் காப்பாற்றாது.

அடுக்குவது: வெண்ணெய் தடவிய ஸ்லைஸில் இலைகளைத் தட்டையாக, ஒன்றன்மேல் ஒன்று பாதி ஏறியிருக்குமாறு பரப்புங்கள். காம்புகள் எல்லாம் ஒரே திசையில், பின்னால் வெட்டப்போகும் கோட்டுக்குக் குறுக்காக இருக்கட்டும், வெட்டும்போது கத்தி அவற்றை இன்னும் சிறிதாக்கிவிடும். 12 கிராம் என்பது கண்ணுக்கு அதிகமாகத் தெரியும், அழுத்தியதும் அடங்கிவிடும். ஆனால் நடுவில் குவித்து ஓரத்தில் காலியாக விடக்கூடாது. மேல் ஸ்லைஸை வைத்து உள்ளங்கையால் சமமாக, மென்மையாக அழுத்துங்கள். இலையின் இரு பக்கமும் வெண்ணெயில் பதிய வேண்டும். சரியாமல் பிடித்துவைப்பது அந்த வெண்ணெய்தான்.

இப்போதே வெட்டாதீர்கள். நான்கு சாண்ட்விச்சை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி, பட்டர் பேப்பரில் சுற்றி, மேலே ஒரு இலேசான பலகையை வைத்து 20 நிமிடம் ஃபிரிட்ஜில் வையுங்கள். வெண்ணெய் இறுகி மொத்தமும் ஒரே கட்டியாகும். அதன் பிறகே ஓரம் நீக்குவது, அதன் பிறகே துண்டு போடுவது. பலர் முதலில் ஸ்லைஸின் ஓரத்தை நீக்கிவிட்டுப் பிறகு அடுக்குகிறார்கள். அப்படிச் செய்தால் விளிம்புகள் ஒன்றுக்கொன்று பொருந்தாது, வெண்ணெய் வழிந்து வெட்டுமுகம் அழுக்காகும். அடுக்கி, குளிரவைத்து, பிறகு வெட்டினால் பிரெட், பச்சைக் கோடு, பிரெட் என்று துல்லியமாகத் தெரியும்.

கத்தி நீளமான பிரெட் கத்தி, ரம்பப் பல்லோடு. மேலிருந்து அழுத்தாமல் முன்னும் பின்னும் அறுங்கள். ஓரம் நசுங்குவதற்குக் காரணம் பெரும்பாலும் மழுங்கிய கத்தியும் அதை ஈடுகட்டக் கொடுக்கும் அழுத்தமும்தான். இடது கையை விரல்கள் விரித்து மேலே வைக்கலாம், எடை போடக் கூடாது. ஒவ்வொரு வெட்டுக்கும் பிறகு கத்தியை ஈரத்துணியால் துடையுங்கள். இல்லாவிட்டால் பச்சைக் கறை அடுத்த துண்டின் வெள்ளை முகத்தில் இழுபடும். நான்கு பக்க ஓரத்தையும் நீக்கிய பிறகு மூன்று சம விரல் துண்டு, ஒவ்வொன்றும் ஏறக்குறைய 3 செ.மீ. அகலம். முக்கோணமாக நான்கு போடலாம், ஆனால் இந்த சாண்ட்விச்சுக்கு விரல் வடிவமே ஏற்றது. முக்கோணத்தின் கூர்நுனியில் இலை நிற்காமல் உதிரும்.

முன்கூட்டியே செய்து வைக்க எவ்வளவு நேரம் என்றால், அதிகபட்சம் மூன்று மணி நேரம், அதுவும் வெட்டாமல். வெட்டிய முகம் 20 நிமிடத்தில் காய்ந்து விளிம்பு மேலே சுருளும். வெட்டிவிட்டீர்கள் என்றால் முதலில் பட்டர் பேப்பர், அதன்மேல் நன்றாகப் பிழிந்த ஈரத்துணி என்று மூடுங்கள். ஈரத்துணி நேராக பிரெட்டில் படக்கூடாது. ஃபிரிட்ஜிலிருந்து எடுத்து 15, 20 நிமிடம் கழித்துப் பரிமாறுங்கள். குளிர்ந்த வெண்ணெய் நாக்கில் மெழுகு போல நிற்கும், சுவையும் தெரியாது. இரவே செய்து வைப்பது என்ற யோசனையை விட்டுவிடுங்கள், எந்தத் தந்திரமும் அதைக் காப்பாற்றாது. வேண்டுமானால் வெண்ணெயைக் கலந்து வைப்பது, கீரையை ஆய்ந்து துணியில் சுருட்டி வைப்பது என்ற இரண்டையும் முந்தின நாளே முடிக்கலாம்.

மாற்று வகைகளில் உண்மையில் செய்யத் தகுந்தவை மூன்று. கீரையின் காரம் சிலருக்குக் கூடுதலாகப் படும், குறிப்பாகக் குழந்தைகளுக்கு. அவர்களுக்குக் கீரை வெண்ணெய்: 125 கிராம் இளகிய வெண்ணெய்க்கு 30 கிராம் கீரையைக் கத்தியால் பொடியாக நறுக்கி, துணியில் ஒரு பிழி பிழிந்து, உப்பும் எலுமிச்சைத் தோலும் சேர்த்து மரக்கரண்டியால் கலக்குங்கள். மிக்ஸியில் போட்டால் சாறு பிரிந்து வெண்ணெய் திரிந்தது போல ஆகும். செய்த ஒரு மணி நேரத்துக்குள் தடவிவிடுங்கள், இல்லாவிட்டால் நெடி போய்விடும்.

இரண்டாவது கிரீம் சீஸ். 150 கிராம் முழுக் கொழுப்புள்ளது ஐந்து சாண்ட்விச்சுக்கு வரும். கிரீம் சீஸிலும் தண்ணீர் உண்டு என்பதால் அதற்கு அடியில் வெண்ணெய்ப் படலம் மெல்லிசாகவாவது வேண்டும். இதை விட்டுவிட்டுத்தான் பலர் 'கிரீம் சீஸ் போட்டும் ஊறுகிறதே' என்கிறார்கள். கீரையைச் சீஸோடு கலக்காமல் மேலே பரப்புவதே நல்லது, கலந்தால் சீஸில் இருக்கும் உப்பு இலையிலிருந்து நீரை இழுத்துவிடும்.

மூன்றாவது முட்டை. ஆங்கிலேயர் வீடுகளில் வெறும் கீரையைவிட இதற்கே மவுசு அதிகம். 4 முட்டையைக் கொதிக்கும் தண்ணீரில் இறக்கி 9 அல்லது 10 நிமிடம். உடனே ஐஸ் தண்ணீர். அதிகம் வெந்தால் மஞ்சள் கருவைச் சுற்றிச் சாம்பல் பச்சை வளையம் விழும், சாண்ட்விச்சில் அது அழுக்காகத் தெரியும். முழுவதும் ஆறிய பிறகு மசியுங்கள். 2 டேபிள்ஸ்பூன் மயோனெய்ஸ், 15 கிராம் வெண்ணெய், உப்பு, வெள்ளை மிளகு. பரப்புவதற்குச் சற்று முன்பு, நறுக்கிய கீரை 25 கிராம். நான்கு சாண்ட்விச், 12 விரல் துண்டு வரும். முட்டை வெதுவெதுப்பாக இருக்கும்போதே கீரையைச் சேர்த்தால் கீரை வாடி, கலவை நீர்த்துவிடும். முட்டையும் கிரீம் சீஸும் உள்ளதை அறை வெப்பத்தில் வெயில் நாளில் இரண்டு மணி நேரத்துக்கு மேல் வைக்க வேண்டாம்.

சுருள் சாண்ட்விச்சும் உண்டு: ஓரம் நீக்கிய ஸ்லைஸைக் கட்டையால் உருட்டித் தட்டையாக்கி, கிரீம் சீஸ் தடவி, இலை நுனிகள் இரு முனையிலும் எட்டிப்பார்க்கும்படி வைத்துச் சுருட்டுவது. படத்துக்கு நன்றாக வரும். பத்துப் பேருக்குச் செய்ய உட்கார்ந்தால் பொறுமை போய்விடும்.

மூன்றடுக்குத் தட்டில் சாண்ட்விச் பெரும்பாலும் கீழ்த் தட்டில் வரும், நடுவில் ஸ்கோன், மேலே கேக். கீழிருந்து மேலே சாப்பிட்டுப் போவது வழக்கம். வீட்டில் அந்தத் தட்டு இல்லை என்றால் ஒரு சாதாரண நீளத் தட்டு போதும், விரல் துண்டுகளை வெட்டுமுகம் மேலே தெரிய நிறுத்தி அடுக்குங்கள். சுற்றிலும் கொத்துமல்லி, பார்ஸ்லி என்று தூவுவதில் பயனில்லை, இரண்டு வாட்டர்கிரெஸ் நுனி போதும். தேநீர் டார்ஜிலிங்கோ நுவரெலியாத் தேயிலையோ இலேசாக, பால் இல்லாமல் இருந்தால் கீரையின் காரம் தெளிவாகத் தெரியும். கெட்டியான அஸ்ஸாமைப் பாலோடு குடிப்பவர்களைத் தடுக்க வேண்டாம், ஆனால் அவர்களுக்கு முட்டை சாண்ட்விச்தான் பொருந்தும். ஏர்ல் கிரே தேநீரில் சேர்க்கும் பெர்கமாட் என்ற ஆரஞ்சு வகைப் பழத்தின் வாசனை கடுகு நெடியோடு சண்டை போடும் என்பது என் கருத்து, பலர் ஒத்துக்கொள்ள மாட்டார்கள்.

'ஹை டீ' என்று நம் ஊர் ஹோட்டல்களில் அழைப்பிதழ் அடிக்கிறார்கள். இங்கிலாந்தில் அந்தப் பெயர், வேலை முடிந்து வந்தவர்கள் மாலை ஐந்து, ஆறு மணிக்குச் சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்து இறைச்சியோடு சாப்பிட்ட முழு உணவுக்கு உரியது. ஓரம் நீக்கிய சாண்ட்விச் அங்கே வயிற்றுக்குக் காணாது.

மிஞ்சிய தடித்த காம்புகளைத் தூக்கிப் போடாதீர்கள். ஒரு வெங்காயத்தை வெண்ணெயில் வதக்கி, இரண்டு உருளைக்கிழங்கை 700 மி.லி. தண்ணீரில் குழைய வேகவைத்து, கடைசி இரண்டு நிமிடம் மட்டும் காம்பைப் போட்டு அரைத்தால் நான்கு கிண்ணம் சூப் வரும். அதிக நேரம் கொதிக்கவிட்டால் நிறம் மங்கும். நீக்கிய பிரெட் ஓரங்களில் வெண்ணெய் ஒட்டியிருக்கும், அவற்றை 160 டிகிரி அவனில் 12 நிமிடம் வறுத்து அந்தச் சூப்பின் மேல் போடலாம்.